மி சோன் பள்ளத்தாக்கு: தா நாங் நகரிலிருந்து ஒருநாள் பயணம்

மி சோன் என்பது நடு வியட்நாமில், தா நாங் நகரிலிருந்து தென்மேற்கே ஏறத்தாழ 70 கிலோமீட்டர் தொலைவில், மலைகள் சூழ அமைந்துள்ள ஒரு சிறிய பள்ளத்தாக்கு ஆகும். சம்பா நாட்டை ஆண்ட சாம் மன்னர்கள் கி.பி. 4ஆம் நூற்றாண்டு முதல் 13ஆம் நூற்றாண்டு வரை இங்குக் கோயில்களைக் கட்டிவந்தனர். அவற்றுள் பெரும்பாலானவை சிவனுக்கு உரியவை. 1999ஆம் ஆண்டு யுனெஸ்கோ இதனை உலகப் பாரம்பரியக் களமாக அறிவித்தது. அருகிலுள்ள ஹோய் ஆன் பழைய துறைமுக நகரும் அதே ஆண்டில் அந்தப் பட்டியலில் சேர்ந்தது.

தா நாங், ஹோய் ஆன் ஆகிய இரு நகரங்களிலிருந்தும் காலையில் புறப்பட்டு மாலைக்குள் திரும்பக்கூடிய தொலைவில் இருப்பதால், நடு வியட்நாமுக்கு வருவோர் பெரும்பாலும் மி சோனை ஒருநாள் பயணமாகவே பார்க்கின்றனர். ஆனால் இன்று பள்ளத்தாக்கில் நிற்பது பழைய மி சோனின் ஒரு பகுதி மட்டுமே. இங்கிருந்த சிறந்த சிற்பங்கள் பல தா நாங் நகர அருங்காட்சியகத்தில் உள்ளன. கோயில்களைக் கட்டிய அரசின் தலைநகரம், வழியிலுள்ள ஒரு கிராமப்புறத்தின் அடியில் புதைந்துள்ளது. அக்கோயில்களைக் கட்டிய மக்களின் வழித்தோன்றல்கள் பல நூறு கிலோமீட்டர் தெற்கே வாழ்கின்றனர். ஆகவே நகரம், வழி, பள்ளத்தாக்கு ஆகிய மூன்றையும் சேர்த்துப் பார்க்கும்போதுதான் மி சோன் விளங்குகிறது.

அமைவிடம்

மி சோன் பள்ளத்தாக்கு ஏறத்தாழ 2 கிலோமீட்டர் குறுக்களவு கொண்டது. இதன் நடுவே கே தே என்னும் ஓடை பாய்ந்து, கோயில் தொகுதிகளைப் பிரித்துச் செல்கிறது. தெற்கே கூரிய சிகரத்துடன் எழும் மலையை வியட்நாமியர் 'பூனைப் பல்' என்னும் பொருள்பட ராங் மேவ் என அழைக்கின்றனர். சாம் மக்கள் அதனைப் புனித மலையாகக் கருதினர்.

நிருவாக அடிப்படையில் இப்பகுதி நெடுங்காலம் குவாங் நாம் மாகாணத்தின் சூய் சுயென் மாவட்டத்தில் இருந்தது. 2025 சூலை 1 முதல் குவாங் நாம் மாகாணம் தா நாங் மாநகருடன் இணைக்கப்பட்டது. இதனால் மி சோன் இன்று தா நாங் மாநகரின் எல்லைக்குள் வருகிறது. ஆயினும் சுற்றுப்புறம் நெல்வயல்களும் தோட்டங்களும் காடு படர்ந்த குன்றுகளும் நிறைந்த நாட்டுப்புறமாகவே உள்ளது.

நகரிலிருந்து செல்லும் வழி

தா நாங்கிலிருந்து தெற்கே செல்லும் 1ஆம் எண் தேசிய நெடுஞ்சாலையில் நாம் ஃபுவோக் என்னும் சிறு நகரை அடைந்து, அங்கிருந்து மேற்கே திரும்ப வேண்டும். பயணம் ஒன்றரை முதல் இரண்டு மணி நேரம் எடுக்கும். ஹோய் ஆனிலிருந்து தொலைவு ஏறத்தாழ 40 கிலோமீட்டர். சுற்றுலாப் பேருந்து, வாடகைக் கார், மோட்டார் சைக்கிள் ஆகியவை வழக்கமான போக்குவரத்து வசதிகள்.

இவ்வழி து போன் ஆற்றின் வடிநிலத்தின் ஊடாகச் செல்கிறது. மலைப்பகுதியிலிருந்து வரும் இந்த ஆறு ஹோய் ஆன் அருகே கடலில் கலக்கிறது. மலைக்காடுகளின் நறுமண மரங்களும் பிற விளைபொருள்களும் ஆற்றின் வழியே துறைமுகத்தை அடைந்து, கடல் வணிகத்தில் சேர்ந்தன. சம்பா அரசின் செல்வத்துக்கு இந்த வணிகம் ஓர் அடிப்படை. துறைமுகம், தலைநகரம், கோயில் பள்ளத்தாக்கு ஆகிய மூன்றும் ஒரே ஆற்றுப்படுகையைச் சார்ந்து அமைந்திருப்பது தற்செயலானது அன்று.

ஆற்றின் வண்டல் நிலத்தில் முசுக்கட்டைச் செடி வளர்த்துப் பட்டுப்புழு பேணும் தொழிலும் நீண்டகாலம் நடந்துவந்தது. நாம் ஃபுவோக் பகுதியிலுள்ள மா சாவ் கிராமம் பட்டு நெசவுக்குப் பெயர் பெற்றது.

சிம்மபுரம்

நாம் ஃபுவோக்கிலிருந்து மி சோன் செல்லும் சாலையில் டிரா கியூ என்னும் ஊர் உள்ளது. சம்பாவின் பழைய தலைநகரான சிம்மபுரம் இங்கேயே இருந்தது. இன்று வெளிப்பார்வைக்கு வயல்களும் வீடுகளும் மட்டுமே தெரிகின்றன. மண்ணின் அடியில் கோட்டைச் சுவரின் எச்சங்களை அகழாய்வாளர்கள் கண்டறிந்துள்ளனர். பழைய நகரின் எல்லைக்குள் அமைந்த புவு சாவ் குன்றின்மீது இப்போது கத்தோலிக்க மாதா கோயில் ஒன்று நிற்கிறது. அது வியட்நாமியக் கத்தோலிக்கர்களின் புனிதப் பயணத் தலமாகும்.

இவ்வூருக்கு அருகில் கிடைத்த தோங் யென் சாவ் கல்வெட்டு பழைய சாம் மொழியில் எழுதப்பட்டது. மலாய், சாவக மொழிகளை உள்ளடக்கிய ஆத்திரோனேசிய மொழிக் குடும்பத்தில் இதுவரை கிடைத்த மிகப் பழைய கல்வெட்டாக இது கருதப்படுகிறது. எழுத்தமைதியைக் கொண்டு இதனை 4ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கொள்கின்றனர்.

பல சுற்றுலா வண்டிகள் டிரா கியூவில் நிற்பதில்லை. அரைமணி நேரம் இறங்கி, குன்றின்மீதிருந்து சமவெளியையும் தொலைவிலுள்ள மலைகளையும் பார்த்தால், தலைநகருக்கும் கோயில்களுக்கும் இருந்த உறவு எளிதில் புலப்படும். சமவெளியில் ஆட்சியும் மலை சூழ்ந்த பள்ளத்தாக்கில் வழிபாடும் நடந்தன.

பத்ரவர்மனின் கொடை

மி சோனில் முதல் கோயிலை எழுப்பியவன் முதலாம் பத்ரவர்மன். இவன் ஏறத்தாழ கி.பி. 380 முதல் 413 வரை ஆண்டதாகக் கருதப்படுகிறது. தான் நிறுவிய இலிங்கத்துக்குத் தன் பெயரையும் ஈசுவரன் என்னும் சொல்லையும் இணைத்துப் 'பத்ரேசுவரர்' எனப் பெயரிட்டான். மன்னன் பெயரால் இறைவனை அழைக்கும் இவ்வழக்கம் பிற்காலச் சாம் மன்னர்களாலும் பின்பற்றப்பட்டது.

பத்ரவர்மனின் சமற்கிருதக் கல்வெட்டு, பள்ளத்தாக்கு நிலத்தை எல்லை குறித்து இறைவனுக்குக் கொடையாக அளிப்பதைக் கூறுகிறது. தன்மீது இரக்கம் கொண்டு இக்கொடையை அழிக்காமல் காக்குமாறு பின்வரும் மன்னர்களை அது வேண்டுகிறது. அழிப்பவனின் புண்ணியம் தன்னைச் சேரும் என்றும், தன் பாவம் அழிப்பவனைச் சேரும் என்றும், காப்பவனுக்கே அறத்தின் முழுப் பயனும் உரியது என்றும் அதில் சொல்லப்படுகிறது. தமிழகக் கல்வெட்டுகளின் இறுதியில் வரும் ஓம்படைக்கிளவியை அறிந்தவர்களுக்கு இந்த முறை புதிதாகத் தோன்றாது. கல்வெட்டின் எழுத்தும் தென்னிந்தியப் பிராமி வகையிலிருந்து வளர்ந்தது. பல்லவர் கால எழுத்தோடு உறவுடைய இம்மரபிலிருந்தே பிற்காலச் சாம் எழுத்தும் தோன்றியது.

பத்ரவர்மனின் கோயில் மரத்தால் ஆனது. அது பின்னர் தீக்கிரையானது. கி.பி. 629 வரை ஆண்ட சம்புவர்மன் கோயிலைச் செங்கல்லால் மீண்டும் எழுப்பி, இறைவனுக்குச் 'சம்புபத்ரேசுவரர்' எனப் பெயரிட்டான். பழைய மன்னனின் பெயரை நீக்காமல் தன் பெயரை அதனுடன் சேர்த்ததன் வழியாக, முன்னோரின் கொடையைத் தானும் காப்பதை அவன் வெளிப்படுத்தினான்.

பின்வந்த நூற்றாண்டுகளில் சம்பாவின் அரசியல் மையம் பலமுறை இடம் மாறியது. 9ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆண்ட இரண்டாம் இந்திரவர்மன் பௌத்தத்தை ஆதரித்து, இந்திரபுரத்தில் பெரிய பௌத்த மடாலயத்தை அமைத்தான். அக்காலத்திலும் மி சோன் கைவிடப்படவில்லை. தலைநகரம் தெற்கே விசயபுரத்துக்கு மாறிய பிறகும் மன்னர்கள் இங்குக் கோயில் எழுப்பினர். 1471இல் வியட்நாமியப் படை விசயபுரத்தைக் கைப்பற்றியபின் சம்பாவின் வலிமை குன்றியது. மி சோன் படிப்படியாகக் காட்டுக்குள் மறைந்தது.

பள்ளத்தாக்கில் காணக்கூடியவை

1898இல் பிரெஞ்சுக்காரரான கமில் பாரி இவ்விடத்தை வெளியுலகின் கவனத்துக்குக் கொண்டுவந்தார். தொடர்ந்து ஆன்றி பார்மாந்தியே, சார்ல் கார்ப்போ ஆகியோர் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கு அளவீடும் அகழாய்வும் செய்தனர். லூயி பினோ கல்வெட்டுகளைப் படித்து வெளியிட்டார். பார்மாந்தியே ஏறத்தாழ 70 கட்டடங்களைப் பதிவு செய்து, ஏ, பி, சி, டி என எழுத்துகளால் தொகுதிகளாகப் பிரித்தார். இன்றைய வழிகாட்டிப் பலகைகளிலும் அப்பெயர்களே உள்ளன.

நுழைவாயில் அருகே சப்பானிய உதவியுடன் அமைக்கப்பட்ட சிறு அருங்காட்சியகம் உள்ளது. அங்கிருந்து மின்வண்டி பயணிகளைக் கோயில்களுக்கு அருகே கொண்டு செல்கிறது. அதன்பின் காட்டுப் பாதையில் நடக்க வேண்டும்.

பி, சி, டி தொகுதிகள் அடுத்தடுத்து நிற்கின்றன. நன்கு எஞ்சிய கட்டடங்கள் இங்கேயே மிகுதி. சாம் கோயிலின் கருவறைக் கோபுரம் 'கலன்' எனப்படும். அதன் முன் வாயில் கட்டடமும், வழிபடுவோர் கூடும் மண்டபமும் அமையும். பூசைப் பொருள்களை வைக்கும் கட்டடம் 'கோசகிருகம்' எனப்படும். பி5 என்னும் கோசகிருகத்தின் கூரை படகைக் கவிழ்த்தது போல வளைந்துள்ளது. நீண்ட டி1, டி2 மண்டபங்களில் இப்போது சிற்பங்களும் கல்வெட்டுப் பலகைகளும் வைக்கப்பட்டுள்ளன. பெரும்பாலும் செங்கல்லே ஆளும் இந்தப் பள்ளத்தாக்கில் பி1 கோயில் மட்டும் மணற்கல்லால் தொடங்கப்பட்டது. இன்று அதன் அடிப்பகுதியே எஞ்சியுள்ளது.

செங்கல் கட்டுமானம்

சாம் கோபுரங்களின் செங்கற்களுக்கு இடையே கண்ணுக்குத் தெரியும் சாந்து இல்லை. செங்கற்கள் மயிரிழை இடைவெளியும் இன்றிப் பொருந்தியுள்ளன. கட்டி முடித்த சுவரின்மீதே கொடிகளையும் தூண்களையும் தெய்வ உருவங்களையும் செதுக்கியுள்ளனர்.

இது எவ்வாறு செய்யப்பட்டது என்பது நீண்டகால ஆய்வுப் பொருள். பச்சைச் செங்கல்லை அடுக்கிக் கோபுரம் முழுவதையும் ஒரே நேரத்தில் சுட்டிருக்கலாம் என்பது ஒரு பழைய கருத்து. இவ்வளவு தடித்த சுவர் உள்ளே சீராக வேகாது என்பதால் அதனை இன்று பெரும்பாலோர் ஏற்பதில்லை. செங்கற்களை ஒன்றோடொன்று தேய்த்துப் பொருத்தி, 'தாவ் ராய்' என்னும் உள்ளூர் மரத்தின் பிசினை ஒட்டும் பொருளாகப் பயன்படுத்தினர் என்பது பரவலாக ஏற்கப்படும் விளக்கம். இன்றும் நடு வியட்நாமில் படகுகளின் இடுக்குகளை அடைக்க இப்பிசினைப் பயன்படுத்துகின்றனர்.

இந்நுட்பத்தின் அருமையைச் சீரமைக்கப்பட்ட சுவர்களில் நேரில் காணலாம். ஆயிரம் ஆண்டு பழமையான செங்கல் பல இடங்களில் செந்நிறம் மாறாமல் இருக்க, அண்மைக்காலத்தில் சேர்த்த செங்கல்லில் பாசியும் வெண்ணிற உப்பும் படிந்திருக்கும்.

1969

வியட்நாம் போரின்போது இந்த மலைப்பகுதியில் வியட்கொங் படையினர் தளம் அமைத்திருந்தனர். 1969 ஆகத்து மாதத்தில் அமெரிக்க வான்படையின் பி-52 விமானங்கள் மி சோன் மீது குண்டுவீசின. சாம் கட்டடக்கலையின் உச்சம் எனப் போற்றப்பட்ட ஏ1 கோபுரம் தகர்ந்தது. 10ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த அக்கோபுரம் 20 மீட்டருக்கும் மேல் உயர்ந்து, கிழக்கிலும் மேற்கிலும் வாயில் கொண்டிருந்தது. இன்று அவ்விடத்தில் அடித்தளமும் பீடமும் கற்குவியலுமே உள்ளன. அதன் முழு வடிவம் பார்மாந்தியேயின் வரைபடங்களிலும் பழைய ஒளிப்படங்களிலும் மட்டுமே எஞ்சியுள்ளது. ஏ, ஈ தொகுதிகளுக்கு அருகில் குண்டு விழுந்த பள்ளங்களைப் புல் மூடிய நிலையில் இன்றும் காணலாம்.

பாரிசின் கிமே அருங்காட்சியகத்தைச் சேர்ந்த சாம் கலை அறிஞர் பிலிப் ஸ்டெர்ன், அமெரிக்க அதிபர் நிக்சனுக்கு எதிர்ப்புக் கடிதம் எழுதினார். அதன் பிறகு 1971 சனவரியில், சாம் நினைவுச் சின்னங்களுக்கு மேலும் சேதம் விளைவிப்பதைத் தவிர்க்குமாறு அமெரிக்கப் படைக்கு அறிவுறுத்தப்பட்டது. அதற்குள் இழப்பு நிகழ்ந்துவிட்டது. பார்மாந்தியே பதிவு செய்த 70 கட்டடங்களுள் ஏறத்தாழ 20 மட்டுமே ஓரளவு அடையாளம் காணும் நிலையில் எஞ்சின. பத்ரவர்மன் வேண்டிக்கொண்டது தன் வழிவரும் மன்னர்களை. அவனோ அவன் மரபோ அறியாத ஒரு போரில் அந்தக் கொடை அழிந்தது.

மீட்புப் பணிகள்

போருக்குப் பிறகு கண்ணிவெடிகளையும் வெடிக்காத குண்டுகளையும் அகற்ற வேண்டியிருந்தது. 1981 முதல் போலந்துக் கட்டடக்கலைஞர் காசிமியர்சு குவியாத்கோவ்ஸ்கி தலைமையிலான குழு, வியட்நாமிய வல்லுநர்களுடன் இணைந்து இங்குப் பணியாற்றியது. 'காசிக்' என உள்ளூர் மக்களால் அழைக்கப்பட்ட அவர், புதிதாக எதையும் கற்பனை செய்து கட்டுவதைத் தவிர்த்து, இருப்பதை நிலைநிறுத்துவதையே கொள்கையாகக் கொண்டார். சாயும் சுவர்களைத் தாங்குவதும், விழுந்த கற்களை உரிய இடத்தில் சேர்ப்பதும் அவர் பணியின் பெரும்பகுதி. அவர் 1997இல் வியட்நாமின் உவே நகரில் காலமானார். ஹோய் ஆனில் அவருக்குச் சிலை உள்ளது.

பின்னர் இத்தாலிய வல்லுநர்கள் யுனெஸ்கோவுடன் இணைந்து, 12ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த ஜி தொகுதியைச் சீரமைத்தனர். 2017 முதல் 2022 வரை இந்தியத் தொல்லியல் துறை ஏ, எச், கே தொகுதிகளில் பணியாற்றியது. 2020 மே மாதம் ஏ தொகுதியில் ஒரே மணற்கல்லால் ஆன 9ஆம் நூற்றாண்டுச் சிவலிங்கம் வெளிப்பட்டது. ஏ10 பீடம் எனப்படும் இது பின்னர் வியட்நாமின் தேசியப் பொக்கிசங்களுள் ஒன்றாக அறிவிக்கப்பட்டது. குண்டுவீச்சில் முற்றிலும் அழிந்ததாக எண்ணப்பட்ட தொகுதியிலிருந்தே இது கிடைத்தது குறிப்பிடத்தக்கது.

நகரில் உள்ள மறுபாதி

மி சோன் சிற்பங்கள் பலவற்றைப் பிரெஞ்சு ஆட்சிக் காலத்திலேயே தா நாங்குக்குக் கொண்டு சென்றனர். அவற்றுக்காக ஹான் ஆற்றங்கரைக்கு அருகில் 1919இல் அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. சாம் சிற்ப அருங்காட்சியகம் என இன்று அழைக்கப்படும் இதில் மி சோனுக்கெனத் தனிக் கூடம் உள்ளது.

ஈ1 கோயிலின் கருவறைப் பீடம் இங்குள்ள சிறந்த படைப்புகளுள் ஒன்று. கயிலையைக் குறிக்கும் இதன் பக்கங்களில், மலைக்குகைகளில் தவம் செய்வோர், பாடம் சொல்வோர், குழல் ஊதுவோர் எனத் துறவிகளின் அன்றாட வாழ்க்கை செதுக்கப்பட்டுள்ளது. பாம்பணையில் கிடக்கும் திருமாலின் உந்தியிலிருந்து பிரமன் தோன்றும் காட்சியைக் கொண்ட முகப்புக்கல்லும் ஈ1 கோயிலுக்கு உரியதே. ஈ5 கோயிலின் விநாயகர் நான்கு கரங்களுடன் நின்ற கோலத்தில் உள்ளார். சி1 கோயிலின் முகப்பில் இருந்த ஆடும் சிவன் சிற்பமும் இங்கு உள்ளது.

இவை நகருக்கு எடுத்துச் செல்லப்பட்டதால் பள்ளத்தாக்கின் கருவறைகள் வெறுமையாயின. அதே வேளையில் 1969இல் ஈ தொகுதியும் சிதைந்ததை எண்ணினால், பீடம் அங்கேயே இருந்திருந்தால் என்னவாகியிருக்கும் என்ற கேள்வியும் எழுகிறது. இடத்தோடு சேர்ந்து வாழ வேண்டிய சிற்பம், இடத்தை விட்டுப் பிரிந்ததால் பிழைத்திருக்கிறது.

சாம் மக்கள் இன்று

இன்று மி சோனைச் சுற்றிய கிராமங்களில் வாழ்வோர் பெரும்பாலும் கின் இனத்தவர், அதாவது பெரும்பான்மை வியட்நாமியர். 2019 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி வியட்நாமில் ஏறத்தாழ 1,78,000 சாம் மக்கள் உள்ளனர். இவர்களுள் பெரும் பகுதியினர் தெற்கே, முன்னாள் நின் துவான், பின் துவான் மாகாணப் பகுதிகளில் வாழ்கின்றனர். இந்து மரபு வழிவந்தவர்கள், இசுலாமியத் தாக்கம் கொண்ட பானி பிரிவினர், இசுலாமியர் என இவர்களிடையே பல பிரிவுகள் உண்டு. போ குலோங் கராய் போன்ற தென்பகுதிக் கோபுரங்களில் ஆண்டுதோறும் நடைபெறும் காத்தே விழா அவர்களின் முதன்மைத் திருவிழா ஆகும். மி சோன் கோபுரங்களில் அன்றாட வழிபாடு இல்லை. இங்குப் பயணிகளுக்காகச் சாம் இசையும் நடனமும் நிகழ்த்தப்படுகின்றன.

பயணத் திட்டம்

பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை இங்குச் செல்ல ஏற்ற காலம். சூன் முதல் ஆகத்து வரை வெயில் கடுமையாக இருக்கும். மலை சூழ்ந்த பள்ளத்தாக்கில் காற்றோட்டமும் குறைவு. அக்டோபர், நவம்பர் மாதங்களில் கனமழையும் ஆற்றில் வெள்ளமும் ஏற்படுவதுண்டு.

தா நாங்கிலிருந்து விடியற்காலையில் புறப்பட்டால், வெயில் ஏறுமுன்னும் சுற்றுலாப் பேருந்துகள் வருமுன்னும் பள்ளத்தாக்கை அடையலாம். கருவறைகள் பல கிழக்கு நோக்கியவை என்பதால் காலை ஒளியில் செதுக்கல்கள் தெளிவாகத் தெரியும். சுற்றிப் பார்க்க இரண்டரை முதல் மூன்று மணி நேரம் தேவை. திரும்பும் வழியில் டிரா கியூவில் நின்று, இப்பகுதிக்கே உரிய 'மி குவாங்' நூடுல்ஸ் உணவை உண்டு, பிற்பகலில் தா நாங் அருங்காட்சியகத்தை அடையலாம். குறிக்கப்பட்ட பாதையை விட்டு விலகாமல் நடப்பதும், செங்கல் சுவர்களின்மீது ஏறாமல் இருப்பதும் அவசியம்.

காலையில் ஈ1 கோயிலின் சிதைந்த அடித்தளத்தையும் மாலையில் அதன் பீடத்தையும் பார்ப்பவர், 70 கிலோமீட்டர் இடைவெளியில் பிரிந்து கிடக்கும் ஒரே கோயிலை ஒரே நாளில் பார்த்தவர் ஆகிறார்.